மாமியார் பேரில் வைத்த ரேகை

இறந்துபோன ஒரு பெண் எங்கள் பண்ணையில் இரண்டு வருடம் களை எடுத்தார். 1992 டிசம்பரில் அவர் காலமானார். 1994 கடைசி வரை மஸ்டர் ரோலில், அதாவது தினக்கூலி ஆட்களின் வருகைப் பதிவேட்டில், அவருக்கு வருகை விழுந்திருக்கிறது, கூலி பட்டுவாடா ஆகியிருக்கிறது, பெயருக்கு நேரே இடது கைப் பெருவிரல் ரேகையும் இருக்கிறது. அந்த மஸ்டரை எழுதியவன் நான்தான்.

பண்ணை நீலகிரியில், குன்னூருக்கும் கோத்தகிரிக்கும் நடுவில் எங்கோ இருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். எந்தத் துறை, எந்தப் பண்ணை, எந்த அதிகாரி என்று எழுதப்போவதில்லை. அந்த அதிகாரிகளில் பாதிப் பேர் இப்போது உயிரோடு இல்லை. மீதிப் பேர் என்னைவிட வயதானவர்கள். இதை எழுதுவது அவர்களைப் பிடித்துக் கொடுக்க இல்லை.

1989-ல் இளநிலை உதவியாளராக அங்கே போனேன். கீழேயிருந்து வந்தவன், இருபத்தைந்து வயது, முதல் குளிருக்கே ஊருக்கு ஓடிவிடலாமா என்று இருந்தது. பண்ணையில் நிரந்தரப் பணியாளர்கள் பதினோரு பேர். என்.எம்.ஆர். ஆட்கள் எழுபதுக்கு மேல். நாமினல் மஸ்டர் ரோல் என்பதன் சுருக்கம் அது. நாளடைவில் அந்த மூன்றெழுத்து ஆளுக்கே பெயராகிவிட்டது. "அவரு பர்மனென்ட்டா, என்.எம்.ஆரா?" என்றுதான் பெண் பார்க்கும் வீட்டில்கூட விசாரிப்பார்கள். ஆட்சியர் வருடாவருடம் நிர்ணயிக்கும் தினக்கூலி. சில்லறைச் செலவினத் தலைப்பில் பணம். சாக்குப்பை வாங்குவதும் உரம் வாங்குவதும் அதே தலைப்புதான்.

வேலை என்று பார்த்தால் வருடம் முழுக்க இருந்தது. மே மாதக் கண்காட்சிகளுக்குத் தொட்டிச் செடி தயாராக வேண்டுமென்றால் அதற்குப் பல மாதம் முன்பே மண் கலவை போட ஆரம்பிக்க வேண்டும். செம்மண், மணல், தொழுவுரம் மூன்றையும் சலித்துக் கலந்து பாலித்தீன் பையில் நிரப்புவது. பை நிரப்புகிறவர்களின் நகம் எப்போதும் பாதிதான் இருக்கும். சீசன் முடிந்தால் மழை, மழையோடு களை. அடுத்து இரண்டாவது சீசன். டிசம்பர், ஜனவரியில் உறைபனி விழும். மாலை மூன்று மணிக்கு மேல் நாற்றங்கால் முழுவதும் கோத்தகிரி மிலார் செடியின் கிளைகளை வெட்டி வந்து மூடுவார்கள். காலையில் வெயில் ஏறியதும் எடுப்பார்கள். பனி பட்ட நாற்று மறுநாள் சூடு வைத்தது போலக் கருகி நிற்கும். இந்த வேலையை யாரும் 'தற்காலிகம்' என்று சொல்ல முடியாது. பனி ஒரு வருடமும் தவறியதில்லை.

ஆனால் எழுத்தில் எல்லாம் தற்காலிகம். அதற்கு ஒரு வாய்மொழிச் சட்டம் இருந்தது. நான் சேர்ந்த இரண்டாவது வாரம் தலைமை எழுத்தர் சொல்லிக் கொடுத்தார்: "தொடர்ச்சியா தொண்ணூறு ஆகக் கூடாது தம்பி. வருஷத்துல இருநூத்தி நாப்பது ஆகவே கூடாது." எண்பத்தொன்பதாம் நாள் முடிந்ததும் பெயரை எடுத்துவிட வேண்டும். அதற்கு 'பிரேக்' என்று பேர். எந்த உத்தரவிலும் இது கிடையாது. எந்தக் கோப்பிலும் குறிப்பு கிடையாது. ஆனால் எல்லாருக்கும் தெரியும்.

இருநூற்று நாற்பது எங்கிருந்து வந்தது என்பது பிறகுதான் புரிந்தது. அன்றைய தொழிற்தகராறுகள் சட்டத்தின் 25-பி பிரிவுப்படி, முந்தைய பன்னிரண்டு மாதத்தில் 240 நாள் வேலை பார்த்தால் அது ஓராண்டுத் தொடர்ச்சியான பணி. அதற்குப் பிறகு ஆளை நிறுத்துவதென்றால் முன்னறிவிப்பும் இழப்பீடும் வேண்டும். தமிழ்நாட்டில் 1981-ல் இன்னொரு சட்டம் வந்தது: இருபத்துநான்கு மாதத்தில் 480 நாள் வேலை பார்த்த தொழிலாளிக்கு நிரந்தரத் தகுதி. அரசுத் துறைக்கு இவை எந்த அளவுக்குப் பொருந்தும் என்று வக்கீல்கள் மணிக்கணக்கில் வாதாடலாம். எங்கள் அலுவலகத்துக்கு அந்த வாதமெல்லாம் தேவைப்படவில்லை. எண்ணைத் தொடாமல் இருந்தால் போதும்.

பெயரை எடுத்தால் ஆளும் வீட்டுக்குப் போக வேண்டும், இல்லையா? அதுதான் நடக்கவில்லை. நாற்றங்காலில் ஐம்பதாயிரம் பை கிடக்கும்போது, பழகிய கையை யார் அனுப்புவார்கள்? ஆள் அதே இடத்தில் அதே வேலையைப் பார்ப்பார். மஸ்டரில் மட்டும் வேறு பேர் வரும். தங்கச்சி பேர், நாத்தனார் பேர், மாமியார் பேர். கூலி போட்ட அன்று அந்தப் பேருக்கு நேரே ரேகை வைத்துப் பணத்தை வாங்கிக்கொள்வார்கள்.

நான் அக்கா என்று கூப்பிட்ட ஒரு தொழிலாளி அப்படித்தான் மாமியார் ஆனார்.

அவர் இலங்கையிலிருந்து தாயகம் திரும்பிய குடும்பம். 1964 இந்திய-இலங்கை ஒப்பந்தத்தின்படி எழுபதுகளில் கப்பலில் வந்தவர்கள். அவர்களுக்காகவே அரசு தேயிலைத் தோட்டம் போட்டது. அதில் எல்லாருக்கும் இடம் கிடைக்கவில்லை, கிடைத்தவர்களில் சிலர் நிற்கவும் இல்லை. அக்கா 1986-ல் எங்கள் பண்ணைக்கு வந்தார். இலங்கையில் தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் ஐந்தாவது வரை படித்தவர். அழகாகக் கையெழுத்துப் போடுவார். பெயரின் கடைசி எழுத்தில் ஒரு சுழி போட்டு அதன் கீழே கோடு இழுப்பார். மஸ்டரில் நூற்றுக்கணக்கான ரேகைகளின் நடுவே அந்தக் கையெழுத்து ஒன்றுதான் தனியாகத் தெரியும். பிரேக் காலத்தில் அவரும் ரேகைதான் வைப்பார், மாமியாருக்குப் படிப்பு கிடையாது என்பதால். மை வைத்த விரலை அலுவலகத் திண்ணையில் கிடக்கும் சாக்கில் தேய்த்துக்கொண்டு, "இன்னிக்கு நான் மாமிங்க சார்" என்று சிரிப்பார். அலுவலகத்தில் சார், வெளியே தம்பி.

மாமியார் இறந்தபோது மூன்று நாள் வரவில்லை. நான்காவது நாள் வந்துவிட்டார். அடுத்த பிரேக் வந்ததும் மேஸ்திரி என்னிடம் கேட்டார், இனிமேல் யார் பேரில் எழுதுவது என்று. நான் அதிகாரியிடம் கேட்டேன். அவர் பேனாவை மூடாமலே சொன்னார்: "இருக்கிற பேரே இருக்கட்டும். புதுப் பேர் போட்டா ஆடிட்ல கேள்வி வரும்."

சரி என்று எழுதினேன். இதில் எனக்கு வருத்தம் இருந்ததா என்றால், அப்போது இல்லை. அக்காவுக்குக் கூலி கிடைக்கிறது, பண்ணைக்கு வேலை நடக்கிறது, எல்லாருக்கும் நல்லதுதான் செய்கிறோம் என்று நினைத்தேன். உண்மையாகவே அப்படித்தான் நினைத்தேன்.

1997-ல் புதிதாக ஓர் அதிகாரி வந்தார். கறார். முதல் மாதமே மஸ்டரை வாங்கி ஆட்களை வரிசையில் நிற்க வைத்துப் பெயர் கூப்பிட்டுப் பார்த்தார். "இந்தக் கூத்தெல்லாம் என்கிட்ட வேண்டாம். யார் வேலை பார்க்கிறாங்களோ அவங்க பேர்தான் வரணும்" என்றார். அன்றிலிருந்து பிரேக் இல்லை, பினாமி இல்லை. அவர் மேல் எனக்கு இன்றும் மரியாதை உண்டு. ஆனால் அந்த நல்ல மனிதர் வந்த தேதிதான் அக்காவின் தலையெழுத்தில் விழுந்தது.

2006 பிப்ரவரி 28-ல் பணியாளர் மற்றும் நிர்வாகச் சீர்திருத்தத் துறையின் 22-ஆம் எண் அரசாணை வந்தது. 1.1.2006 அன்று பத்தாண்டு முடித்த தினக்கூலிப் பணியாளர்களைப் பணிவரன்முறை செய்யலாம், அதாவது நிரந்தரமாக்கலாம். பண்ணை முழுக்கத் திருவிழாதான். எல்லாரும் ரேஷன் கார்டும் பள்ளிச் சான்றிதழும் எடுத்துக்கொண்டு வந்து நின்றார்கள். கருத்துரு தயாரிக்கும் வேலை என் மேசைக்கு வந்தது. 1990-க்கு முந்தைய மஸ்டர் கட்டுகள் மாடிப்படிக்கு அடியில் ஈரத்தில் ஒட்டி, பிரித்தால் அப்பளம் போல உடைந்தன. 1990 முதல் 1996 வரை இருந்தவற்றில் அக்காவின் பேர் வரும், போகும், வரும், போகும். 1997-லிருந்துதான் ஒரே கோடாக ஓடியது. கணக்கெடுத்து மேலே போன பட்டியலில் அக்காவுக்கு நேரே எழுதியது: ஒன்பது ஆண்டுகள்.

அரசாணை வந்த நாற்பத்தோராவது நாள், 2006 ஏப்ரல் 10 அன்று, உமாதேவி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் தீர்ப்புச் சொன்னார்கள். முறைப்படியான தேர்வு இல்லாமல் வந்தவர்கள், எத்தனை வருடம் வேலை பார்த்தாலும், நிரந்தரத்தை உரிமையாகக் கேட்க முடியாது என்பது அதன் சாரம். ஒரே ஒரு சன்னல் திறந்து வைத்தார்கள்: ஒப்பளிக்கப்பட்ட பணியிடத்தில், நீதிமன்றத் தடையாணையின் பலத்தில் இல்லாமல், பத்தாண்டுக்கு மேல் வேலை பார்த்தவர்களை ஒரு முறை மட்டும் வரன்முறை செய்யலாம், அந்த வேலையை ஆறு மாதத்துக்குள் தொடங்க வேண்டும் என்று. அந்தத் தீர்ப்பை முழுதாகப் படித்த அதிகாரி யாரையும் நான் சந்தித்ததில்லை. 'உமாதேவி' என்ற பெயரைச் சொல்லிக் கோப்பை மூடிய அதிகாரிகள் நிறையப் பேர். எங்கள் பக்கம் அந்தப் பேர் உள்ள ஒரு பெண் தொழிலாளியே இருந்தார். பாவம், அவரைக் கேலி செய்தே ஒரு வழி பண்ணினார்கள்.

எங்கள் பண்ணையில் பதினான்கு பேருக்குக் கிடைத்தது, இரண்டு மூன்று தவணையாக. அதிலும் ஒரு முள். ஆணை கைக்கு வந்தது 1.4.2003-க்குப் பிறகு என்பதால் எல்லாரும் பங்களிப்பு ஓய்வூதியத் திட்டத்தில் விழுந்தார்கள். தினக்கூலியாகப் பார்த்த காலத்தில் பாதியைப் பழைய ஓய்வூதியத்துக்குச் சேர்த்துக்கொள்ளலாம் என்று விதி இருந்தது. அந்தச் சலுகை 1.4.2003-க்கு முன் வரன்முறை ஆனவர்களுக்கு மட்டும்தான் என்று 2019-ல் சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வு சொல்லிவிட்டது. இருபது வருடம் மண் சுமந்தவரும் நேற்றுச் சேர்ந்த பையனும் அந்த விஷயத்தில் ஒன்று.

2013 ஜூன் 27-ல் 74-ஆம் எண் அரசாணை வந்து, 1.1.2006-க்குப் பிறகு பத்தாண்டு முடிப்பவர்களுக்கு இது பொருந்தாது என்று கதவைச் சாத்தியது. அதற்கு அடுத்த வாரம் அக்கா என் மேசைக்கு வந்தார். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை.

"தம்பி, நீங்கதானே எழுதினது. மாமி பேர்ல வேலை பாத்தது நான்தான்னு ஒரு வார்த்தை எழுதிக் குடுத்துடுங்களேன்."

அலுவலகத்துக்குள் அவர் என்னைத் தம்பி என்று கூப்பிட்டது அந்த ஒரு முறைதான்.

எழுதினால் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும். அரசுப் பதிவேட்டில் பொய்யாக எழுதினேன் என்று நானே கையெழுத்துப் போட்டுக் கொடுப்பது. பெண்ணுக்குக் கல்யாணம் பேசிக்கொண்டிருந்த நேரம். "அலுவலகப் பதிவேடுகளின்படி 1997 முதல் பணிபுரிந்து வருகிறார்" என்று ஒரு சான்றிதழ் அடித்து, அதிகாரியிடம் கையெழுத்து வாங்கிக் கொடுத்தேன். அதில் ஒரு எழுத்துகூடப் பொய் இல்லை. அக்கா வாங்கி மடித்து ஜாக்கெட்டுக்குள் வைத்துக்கொண்டு போனார். 2016-ல் வயதாகிவிட்டது என்று நிறுத்திவிட்டார்கள். ஒரு பைசா கிடையாது. மாலை போட்டு ஒரு எவர்சில்வர் குடம் கொடுத்தோம்.

ஓய்வு பெற்ற பிறகுதான் இந்தச் சட்டங்களை உட்கார்ந்து படித்தேன். 2024-ல் வெளியே வந்தேன். மனைவி, "இத்தனை வருஷம் ஆபீஸ்ல படிக்காததை இப்ப என்ன படிக்கிறீங்க" என்றாள். படிக்கப் படிக்க எனக்குத் தெரிந்த விஷயம் ஒன்றுதான்: இந்த வழக்குகள் எல்லாமே கடைசியில் ஒரு நாள்கணக்கில் வந்து நிற்கின்றன, அந்த நாள்கணக்கை வைத்திருப்பவர் முதலாளி. 2002-ல் ஒரு வனச்சரக அலுவலர் சம்பந்தப்பட்ட வழக்கில், 240 நாள் வேலை பார்த்ததை நிரூபிக்க வேண்டியது தொழிலாளிதான், வெறும் பிரமாண வாக்குமூலம் போதாது என்றது உச்ச நீதிமன்றம். மூன்று வருடம் கழித்து, 2005 நவம்பரில், எல்லட்டி என்ற தினக்கூலித் தொழிலாளியின் வழக்கில் கொஞ்சம் இறங்கி வந்தது. தினக்கூலி ஆளுக்கு நியமன ஆணை ஏது, சம்பளச் சீட்டு ஏது. மஸ்டரைக் கொண்டு வா என்று அவர் கேட்கலாம் என்றது. அந்தத் தொழிலாளியைக் காப்பாற்றியது, வேலை பார்த்த காலத்தைக் குறித்து ஒரு பொறியாளர் கொடுத்திருந்த சான்றிதழ். இதைப் படித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

பிரேக் கொடுத்து வைத்திருப்பதற்குச் சட்டத்திலேயே பேர் உண்டு. தொழிற்தகராறுகள் சட்டத்தின் ஐந்தாம் அட்டவணை, பத்தாவது வரி: பதிலி, தற்காலிகம் என்று ஆண்டுக்கணக்காக வைத்திருந்து, நிரந்தரத் தொழிலாளிக்குரிய தகுதியும் சலுகையும் கிடைக்காமல் செய்வது முறையற்ற தொழில் நடைமுறை. 2025 நவம்பரிலிருந்து புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் நடைமுறைக்கு வந்து பழைய சட்டத்தின் பேர் போய்விட்டது. ஆனால் அந்த வரி புதியதிலும் இருக்கிறது. தலைமை எழுத்தர் எனக்குச் சொல்லிக் கொடுத்த பாடத்தைச் சட்டம் எழுதியவர்களும் எங்கோ கேட்டிருக்கிறார்கள் போல.

இப்போது காற்று கொஞ்சம் மாறி வீசுகிறது. 2024 டிசம்பர் 20-ல் ஜக்கோ வழக்கு: மத்திய நீர் ஆணையத்தில் பல வருடம் துப்புரவு வேலையும் தோட்ட வேலையும் பார்த்துவிட்டு நீக்கப்பட்டவர்களைத் திரும்பச் சேர்த்து வரன்முறை செய்யச் சொன்னது உச்ச நீதிமன்றம். அதற்கு அடுத்த மாதம் காசியாபாத் மாநகராட்சித் தோட்டக்காரர்கள் வழக்கு. 2025 ஆகஸ்டில் தரம் சிங் வழக்கு, உத்தரப் பிரதேசத்தில். நிரந்தரமான வேலைக்குத் தற்காலிக ஆளை வருடக்கணக்கில் வைத்துவிட்டு உமாதேவியைக் கேடயமாகப் பிடிக்காதே என்பதுதான் மூன்றிலும் தொனி. நல்லதுதான். ஆனால் இந்த மலையில் இப்போது பல இடங்களில் மஸ்டரே கிடையாது. அவுட்சோர்சிங் கம்பெனி அனுப்பும் ஆள். வருடம் திரும்பினால் கம்பெனி மாறும், ஆள் மாறுவதில்லை. பேர் மாற்றி எழுத இனி என்னைப் போல ஒரு கிளார்க்கும் வேண்டாம்.

அக்காவுக்கு நிரந்தரம் இனி வராது. வயது அறுபத்தெட்டு. ஆனால் பணிக்கொடை கேட்கலாம் என்று குன்னூரில் ஒரு வக்கீல் சொன்னார். அக்காவை நிறுத்தியபோது நடைமுறையில் இருந்த 1972 பணிக்கொடைச் சட்டப்படி ஐந்தாண்டு தொடர்ச்சியான பணி இருந்தால் ஆண்டுக்குப் பதினைந்து நாள் கூலி. 2018-ல் சத்தீஸ்கர் அரசுக்கு எதிராக ஒருவர் ஜெயித்திருக்கிறார்: இருபத்திரண்டு ஆண்டு தினக்கூலி, மூன்றே ஆண்டு நிரந்தரம், இருபத்தைந்துக்கும் கொடு என்று தீர்ப்பு. தாமதமாகக் கேட்டார் என்ற ஒரே காரணத்துக்காக மனுவைத் தள்ளவும் கூடாது. 1997 முதல் 2016 வரைக்குப் பிரச்சினை இல்லை. அதற்கு முந்தைய பதினோரு வருடம்தான் மாமியாரிடம் இருக்கிறது.

என் பக்கமும் ஒரு கணக்குப் பார்த்தேன், மறைக்க விரும்பவில்லை. ஓய்வு பெற்ற பிறகு, நான்கு ஆண்டுக்கு முந்தைய சம்பவத்துக்குத் துறை நடவடிக்கையைப் புதிதாகத் தொடங்க முடியாது என்று ஓய்வூதிய விதி 9 சொல்கிறது. குற்றவியல் பக்கம் அது உதவாது என்று வக்கீல் எச்சரித்தார். இருந்தாலும் அந்த விதியைப் படித்த பிறகுதான் எனக்குத் துணிச்சல் வந்தது.

மேஸ்திரி வீட்டில் அவருடைய பழைய நோட்டுகள் கிடைத்தன. வயலில் நின்று தினமும் ஆள் எண்ணி எழுதிய நோட்டு. அதைப் பார்த்துத்தான் வாரக் கடைசியில் நான் மஸ்டர் எழுதுவேன். மேஸ்திரிக்குப் பினாமி எல்லாம் கிடையாது, வேலை பார்த்த ஆளின் பேரைத்தான் குறிப்பார். 1993-க்கு எண்ணினேன். நோட்டில் அக்காவுக்கு 301 நாள். மஸ்டரில் 233. மாமியாருக்கு 68. கச்சிதமாகச் சேர்ந்தது. சின்ன வயதில் நான் கணக்கில் கெட்டி.

தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் நீதிமன்ற வில்லை ஒட்டி 1993, 1994 பட்டுவாடாத் தாள்களின் நகல் கேட்டோம். இரண்டு மாதம் இழுத்தது, மேல்முறையீடு போட்ட பிறகு வந்தது. நகலைப் பிரித்து அக்கா வீட்டுத் திண்ணையில் வைத்துப் பார்த்தோம். மாமியார் பேருக்கு நேரே கருப்பாக ஒரு திட்டு, அவ்வளவுதான். ஜெராக்ஸில் ரேகையின் கோடு எதுவும் தெரியவில்லை. அசல் வேண்டும், அதை நிபுணர் பார்க்க வேண்டும், அதற்கு அசலைக் கொண்டு வரச் சொல்லி மனுப் போட வேண்டும் என்றேன். அக்கா அந்தத் திட்டின் மேல் தன் விரலை வைத்து எடுத்தார்.

"இது எங்க மாமி ரேகைதான்னு சொல்லிட மாட்டாங்களே தம்பி?"

"அவங்க தொண்ணூத்திரண்டுலயே போயிட்டாங்களே அக்கா. இறப்புச் சான்றிதழ் வாங்கினீங்களா அப்ப?"

"வாங்கினோம். ரேஷன் கார்டுல பேர் எடுக்கக் கேட்டாங்கல்ல. தகரப் பெட்டியில இருக்கு" என்று எழுந்து உள்ளே போனார்.